ஒரு கெட்ட நாளும் ஒரு டார்ச் லைட்டும்

நேயர்களுக்கு வணக்கம்.

தருமபுரியிலிருந்து சேலம் போகிறவர்களுக்குத் தொப்பூர் கணவாயைத் தெரியும். இறக்கத்தில் லாரி கவிழ்ந்த செய்தி நமக்குப் புதிதில்லை. அப்படிக் கவிழ்ந்த ஒரு லாரியை ஓட்டியவர் என் அப்பா. எனக்கு அப்போது பதின்மூன்று வயது. அவருக்கு வலது கால் போயிற்று. இன்று நான் பேச வந்தது ஒரு காமிக்ஸ் புத்தகத்தைப் பற்றி. ஆனால் அதைப் படிக்கும்போதெல்லாம் அப்பாதான் கண்முன் வருகிறார்.

'பேட்மேன்: தி கில்லிங் ஜோக்', 1988-இல் வந்தது. எழுதியவர் ஆலன் மூர், வரைந்தவர் பிரையன் போலண்ட். ஐம்பது பக்கத்துக்குள் கதை முடிந்துவிடும். இரும்புக்கை மாயாவி படித்து வளர்ந்த நமக்கு, வில்லனைப் பிடித்தால் கதை முடிந்தது. இது அப்படியில்லை. சிறுவர்கள் கையில் கொடுக்கிற புத்தகமும் இல்லை.

எவ்வளவு நல்ல மனிதனும் ஒரே ஒரு கெட்ட நாளில் பைத்தியமாகிவிடுவான் என்பது வில்லன் ஜோக்கரின் கட்சி. அதை நிரூபிக்க, போலீஸ் கமிஷனர் கார்டனின் மகள் பார்பராவை வீட்டு வாசலிலேயே சுடுகிறான். கார்டனைத் தூக்கிப்போய், மகள் ரத்தத்தில் கிடக்கும் படங்களைக் காட்டி வதைக்கிறான். பெண்ணின் வலியை இப்படிப் பயன்படுத்தியது எனக்கு இன்றுவரை ஒப்பவில்லை. பின்னால் வந்த எழுத்தாளர்கள் பார்பராவைச் சக்கர நாற்காலியில் அமர்ந்தபடியே எல்லாருக்கும் துப்புக் கொடுக்கும் 'ஆரக்கிள்' ஆக்கினார்கள். அதில் எனக்குக் கொஞ்சம் ஆறுதல்.

நடுநடுவே ஜோக்கரின் பழைய கதை வருகிறது. வேலையை விட்டுவிட்டு, மேடையில் சிரிக்கவைக்கப் போய்த் தோற்ற ஒரு சாதாரண ஆள். மனைவி கர்ப்பிணி. காசுக்காக ஒரு திருட்டுக்கு உதவ ஒப்புக்கொள்கிறான். அன்றைக்கே மனைவி விபத்தில் இறந்த செய்தி வருகிறது. இனி எனக்கு இது வேண்டாம் என்று கெஞ்சுகிறான். கூட இருந்த இரண்டு திருடர்களும் விடவில்லை. கதையின் உயிர் எனக்கு இந்தக் கட்டத்தில்தான் இருக்கிறது. உலகமே இடிந்த நேரத்தில் அவன் பக்கத்தில் இருந்தவர்கள் அந்த இருவர் மட்டும்தான். கார்டனைத் தேடி ஒரு நண்பன் வந்தான், கதாநாயகன் பேட்மேன். கார்டன் உடையவில்லை. ஜோக்கரைச் சட்டப்படியே பிடித்து வா என்றுதான் அவனிடம் கேட்கிறார்.

அப்புறம், நினைவு. தன் கடந்த காலம் ஒரு சமயம் ஒரு மாதிரியும் இன்னொரு சமயம் வேறு மாதிரியும் நினைவுக்கு வருகிறது என்கிறான் ஜோக்கர். அப்பாவும் அப்படித்தான். பிரேக் பிடிக்கவில்லை என்பார். அடுத்த வாரம், குறுக்கே மாடு வந்தது என்பார். ஒரே ஒரு நாள், கண் அசந்துட்டேன்டா என்றார். பொய் சொல்கிறாரே என்று எனக்குக் கோபம். நினைவை மனம் ஒவ்வொரு முறையும் புதிதாகக் கட்டுகிறது என்று உளவியலாளர் ஃபிரடெரிக் பார்ட்லெட் 1932-இலேயே எழுதியிருக்கிறார். அதைப் படித்தபோது எனக்கு முப்பது வயது தாண்டிவிட்டது, அப்பாவும் இல்லை.

கடைசியில் பேட்மேன், உனக்கு உதவுகிறேன் வா என்கிறான். காலம் கடந்துவிட்டது என்று சொல்லி ஜோக்கர் ஒரு ஜோக் சொல்கிறான். மனநலக் காப்பகத்திலிருந்து தப்பும் இருவர். ஒருவன் மொட்டை மாடியிலிருந்து பக்கத்துக் கட்டடத்தின் மாடிக்குத் தாவிவிட்டான். மற்றவனுக்குப் பயம். டார்ச் அடிக்கிறேன், அந்த வெளிச்சத்தின் மேல் நடந்து வா என்கிறான் முதல் ஆள். நான் என்ன பைத்தியமா, பாதி வழியில் அணைத்துவிடுவாயே என்கிறான் இவன்.

அப்பா ஒரு வருஷம் திண்ணையை விட்டு இறங்கவில்லை. மும்முனை மின்சாரம் எங்கள் ஊருக்கு ராத்திரியில்தான் வரும். மோட்டார் போட வரும் பக்கத்துக் கொல்லைக்கார மாமா, தினமும் எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டுத்தான் போவார். ஆறுதல் ஒரு வார்த்தை சொன்னதில்லை. பாலக்கோடு மார்க்கெட்டில் தக்காளி என்ன விலை போனது என்று பேசுவார், களி சாப்பிடுவார், போவார். வரப்பில் அவர் டார்ச் வெளிச்சம் ஆடி ஆடி வருவது தெரிந்ததுமே அப்பா உள்ளே பார்த்துக் குரல் கொடுப்பார்: "வந்துட்டான், களி எடுத்து வை."

வணக்கம்.