அந்த ஆம்புலன்ஸை நீங்கள் விட்டிருப்பீர்களா?

வணக்கம் நண்பர்களே. போன வீடியோவில் காற்றுச் சத்தம்தான் கேட்டது என்று திட்டித் தீர்த்துவிட்டீர்கள். அதனால் மின்விசிறியை நிறுத்திவிட்டு உட்கார்ந்திருக்கிறேன். வியர்த்தால் கண்டுகொள்ளாதீர்கள்.

இன்றைக்கு ஹான்ஸ் ரோசன்ஃபெல்ட். ஸ்வீடன்காரர், திரைக்கதை எழுதுபவர். பெயர் தெரியாவிட்டாலும் 'தி பிரிட்ஜ்' என்ற துப்பறியும் தொலைக்காட்சித் தொடரைப் பற்றிக் கேள்விப்பட்டிருப்பீர்கள். அதை உருவாக்கியவர் இவர்தான்.

1964இல் பூரோஸ் என்ற ஊரில் பிறந்தார். எழுத்துக்கு வருவதற்கு முன் என்ன வேலை பார்த்தார் தெரியுமா? கடற்சிங்கங்களைப் பராமரிக்கும் வேலை! நான் விளையாட்டுக்குச் சொல்லவில்லை. அப்புறம் ஓட்டுநர், ஆசிரியர், நடிகர் என்று பல வேலைகள். தொலைக்காட்சிக்கு எழுத ஆரம்பித்தது 1992இல். உலகமே பார்த்த அந்தத் தொடர் வந்ததோ 2011இல். நடுவில் 19 வருஷம் எழுதிக்கொண்டே இருந்திருக்கிறார்.

கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும். ஸ்வீடனின் மால்மோவையும் டென்மார்க்கின் கோபன்ஹேகனையும் இணைக்கும் ஓரெசுண்ட் பாலம். கிட்டத்தட்ட 8 கிலோமீட்டர் நீளம், 2000இல் திறந்தார்கள். அதில் இரண்டு நாட்டு எல்லைக்கோட்டின் மேல் ஒரு பிணம். இரண்டு நாட்டுப் போலீஸும் வந்து நிற்கிறது. தூக்கப் போனால் அது ஒரு உடல் இல்லை, இரண்டு பேருடைய பாதிப் பாதி.

எல்லோரும் இதைத்தான் பேசுவார்கள். எனக்குப் பிடித்தது அதற்கு நடுவில் வரும் ஆம்புலன்ஸ். இதய மாற்று சிகிச்சைக்குப் போகும் நோயாளி உள்ளே இருக்கிறார், மனைவி கெஞ்சுகிறார். ஸ்வீடன் போலீஸ் சாகா நோரேன், தடயம் கெட்டுவிடும், முடியாது என்கிறாள். குரலை உயர்த்துவதுகூட இல்லை. டென்மார்க்கின் மார்ட்டின் ரோடே, சரி போங்கள் என்று விட்டுவிடுகிறார். அவள் அவர்மேல் புகார் எழுதுகிறாள். தப்பு நடந்தது, எழுதினேன், அவ்வளவுதான் என்பது அவள் கணக்கு.

பாருங்கள், இரண்டு பேரின் பிளாஷ்பேக் இல்லை, நண்பனிடம் புலம்பும் வசனம் இல்லை. ஒரு வண்டியை விடலாமா கூடாதா என்ற ஒரே கேள்வியில் இருவரும் யாரென்று தெரிந்துவிட்டது. தொடரை ஏற்கெனவே பார்த்தவர்கள், இரண்டாம் சீசன் முடிவை இந்தப் புகாரோடு சேர்த்து யோசித்துப் பாருங்கள். அதற்கு மேல் வாய் திறக்கமாட்டேன்.

சாகாவுக்கு என்ன பிரச்சினை என்று தொடரில் யாரும் பெயர் வைக்கவே இல்லை. மருத்துவர் வந்து விளக்கும் காட்சி கிடையாது. அலுவலகத்தில் எல்லோர் முன்னாலும் சட்டை மாற்றுகிறாள், நாம்தான் நெளிகிறோம்.

இரண்டு சீசனோடு மார்ட்டினாக நடித்த கிம் போத்னியா விலகிவிட்டார். பாதித் தொடரே அவர்தானே! மூன்றாவதில் ஹென்ரிக் என்று புது ஆள். நான் முகத்தைச் சுளித்துக்கொண்டுதான் உட்கார்ந்தேன். நான்காவது சீசனில் ஹென்ரிக்குக்காக அழுதுவிட்டேன். 2018இல் தொடர் முடிந்தது.

இந்தக் கதைக்குப் பாலம்கூட வேண்டாம், ஒரு எல்லை இருந்தால் போதும். அமெரிக்கா–மெக்சிகோ, இங்கிலாந்து–பிரான்ஸ் சுரங்கப்பாதை, ஆஸ்திரியா–ஜெர்மனி மலைப்பாதை என்று ஆளாளுக்கு எடுத்தார்கள். மலேசியா–சிங்கப்பூர் வடிவமும் உண்டு. துவாஸ் வழியாக ஜொகூர் போய்வரும் சிங்கப்பூர் நண்பர்களே, உங்கள் பாலத்திலும் பிணம் போட்டுவிட்டார்கள்.

அப்புறம் மிக்கேல் யோர்த் என்ற நண்பரோடு சேர்ந்து செபாஸ்டியன் பெர்க்மன் துப்பறியும் நாவல்கள் எழுதியிருக்கிறார். 2016இல் இங்கிலாந்துத் தொலைக்காட்சியில் வந்த 'மார்செல்லா' தொடரையும் எழுதினார். எனக்கு அது ஒட்டவில்லை. அந்தப் பெண் போலீஸுக்கு அவ்வப்போது நினைவு தப்பிவிடும். கதை சிக்கும்போதெல்லாம் நினைவு தப்பினால் நான் என்ன செய்வது? சாகாவை எழுதிய கையா இது என்று இருந்தது.

சரி, வியர்வை கண்ணில் இறங்குகிறது. அந்த ஆம்புலன்ஸை நீங்களாக இருந்தால் விட்டிருப்பீர்களா? கமெண்டில் எழுதுங்கள். நான் போய் மின்விசிறியைப் போடுகிறேன்.