24 முறை தப்பியாச்சு, 25-வது முறை? 'மெம்பிஸ் பெல்' விமானத்தின் கடைசிக் கணக்கு

[திரையில்: கறுப்பு வெள்ளைப் படம். ஓடுதளத்தில் நான்கு எஞ்சின் குண்டுவீச்சு விமானம்]

1943 மே 17, இரண்டாம் உலகப் போர் நடக்கிறது. இங்கிலாந்தில் பாஸிங்போர்ன் விமானத் தளம். பத்துப் பேர் விமானத்தில் ஏறுகிறார்கள். இன்றைக்குப் போய்விட்டு உயிரோடு திரும்பினால் நேரே அமெரிக்கா, வீடு. திரும்பாவிட்டால், இதுவரை போய் வந்த 24 முறைக்கும் அர்த்தமே இல்லை.

அது என்ன 25 கணக்கு? அமெரிக்காவின் எட்டாவது விமானப்படையில் அப்போதிருந்த விதி அது. 25 முறை எதிரியின் வானத்துக்குப் போய் வந்தால் கடமை முடிந்தது. கேட்க எளிதாக இருக்கிறது இல்லையா? ஒரு கணக்குப் போடுவோம். ஒவ்வொரு முறையும் 100 விமானத்தில் 5 திரும்பவில்லை என்று வையுங்கள். 25 முறை முடியும்போது மிஞ்சுவது 28தான். இதைத் தெரிந்துகொண்டே காலையில் எழுந்து, காபி குடித்துவிட்டுக் கிளம்பியிருக்கிறார்கள். நானாக இருந்தால் வயிற்று வலி என்று படுத்திருப்பேன்.

விமானம் பி-17, செல்லப் பெயர் 'பறக்கும் கோட்டை'. பைலட் ராபர்ட் மோர்கன். மெம்பிஸ் நகரத்துக் காதலி மார்கரெட் போல்க்கை நினைத்துதான் 'மெம்பிஸ் பெல்' என்று பெயர் வைத்தார். விமானம் பத்திரமாகத் திரும்பியது, கல்யாணம்தான் நடக்கவில்லை. சரி, அந்தக் கதை நமக்கு வேண்டாம்.

[திரையில்: விமானத்தின் அடிவயிறு, பெரிதாக]

இங்கே நிறுத்திப் பாருங்கள். வயிற்றுக்குக் கீழே ஒரு உருண்டை தொங்குகிறதே, அதற்குள் ஒரு ஆள் இருக்கிறார்! 'பால் டரட்' என்பார்கள். குறுக்களவு நாலடி கூட இருக்காது. கல்யாண வீட்டு பிரியாணி அண்டாவுக்குள் ஒருவரைச் சுருட்டி உட்கார வைத்து, இரண்டு பக்கமும் எந்திரத் துப்பாக்கியைச் செருகி, ஆகாயத்தில் தொங்கவிட்டால் எப்படி இருக்கும்? அதேதான். முழங்கால் நெஞ்சோடு ஒட்டியிருக்கும். இரண்டு காலுக்கும் நடுவில் ஒரு வட்டக் கண்ணாடி, அதன் வழியாகத்தான் குறி பார்க்க வேண்டும். உள்ளே பாராசூட் வைக்க இடம் இல்லை, அது மேலே விமானத்துக்குள் கிடக்கும். அவசரம் என்றால் துப்பாக்கிக் குழாய் நேர் கீழே பார்க்கும்படி உருண்டையைச் சுழற்ற வேண்டும், அப்போதுதான் கதவு விமானத்துக்குள் திறக்கும். அப்புறம் ஏறி வந்து, பாராசூட்டைத் தேடி மாட்டிக்கொண்டு குதிக்க வேண்டும். விமானம் அதுவரை காத்திருக்குமா?

குளிரோ மைனஸ் 40 டிகிரிக்குப் போகும். வெறுங்கையால் உலோகத்தைத் தொட்டால் தோல் ஒட்டிக்கொள்ளும். மின்சாரத்தில் சூடாகும் உடுப்பு உண்டு, அது பழுதானால் ஆள் விறைத்துப்போவார்.

ஆனால் பாருங்கள், காயம்பட்டவர்களைப் பின்னால் கணக்கெடுத்தபோது, இந்த உருண்டைக்குள் இருந்தவர்கள்தான் மிகக் குறைவாக இருந்தார்கள். சுருண்டு கிடக்கும் உடம்பில் குண்டுச் சில்லு பட இடமே குறைவு. உள்ளே நிம்மதியாக நின்று சுட்ட ஆள்களுக்குத்தான் அடி அதிகம். எனக்கு இதை நம்பவே நேரம் பிடித்தது.

சரி, கடைசிப் பயணத்துக்கு வருவோம். இலக்கு பிரான்ஸின் லோரியான் துறைமுகம். ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பல்கள் பதுங்கும் கான்கிரீட் கொட்டகைகள் அங்கே இருந்தன. கூரை பல மீட்டர் தடிமன். அன்றைய குண்டுகளால் அதை உடைக்க முடியவில்லை, கொட்டகை இன்றைக்கும் நிற்கிறது. சுற்றியிருந்த ஊர்தான் அந்தப் போரில் தரைமட்டமானது. போனார்கள், போட்டார்கள், பத்துப் பேரும் திரும்பினார்கள்.

'25 முடித்த முதல் விமானம்' என்று இதைச் சொல்லும் வீடியோக்கள் கொட்டிக் கிடக்கின்றன. தப்பு! 'ஹெல்ஸ் ஏஞ்சல்ஸ்' என்ற இன்னொரு பி-17, நான்கு நாள் முன்னாலேயே, மே 13-ல் முடித்துவிட்டது. அதற்கும் முன்னால் 'ஹாட் ஸ்டஃப்' என்ற பி-24 (இன்னொரு ரகக் குண்டுவீச்சு விமானம்), 31 முறை போய் வந்தது. மே 3 அன்று ஊருக்குத் திரும்பும் வழியில், ஐஸ்லாந்தில் மலையில் மோதியது. 15 பேரில் 14 பேர் பலி, அதில் ஐரோப்பாவில் இருந்த அமெரிக்கப் படைகளின் தளபதி ஜெனரல் ஃபிராங்க் ஆண்ட்ரூஸும் ஒருவர். பிழைத்தது வாலில் இருந்த துப்பாக்கி வீரர் மட்டும். ஊர் ஊராகக் கொண்டுபோய்ப் போர்ப் பத்திரம் (போர்ச் செலவுக்கு மக்களிடம் அரசு வாங்கும் கடன்) விற்க ஒரு வெற்றிக் கதை வேண்டியிருந்தது, மெம்பிஸ் பெல் கையில் இருந்தது. படம்பிடிக்கும் குழுவும் ஏற்கனவே கூடவே பறந்துகொண்டிருந்தது. அதிர்ஷ்டம் என்றும் சொல்லலாம், விளம்பரம் என்றும் சொல்லலாம். நான் இரண்டாவதைச் சொல்வேன்.

இன்னொரு வேடிக்கை. மே 17 அன்று 25 முடித்தது ஆள்கள்தான், விமானம் இல்லை! மோர்கன் குழு சில முறை வேறு விமானங்களில் போயிருந்தது. மெம்பிஸ் பெல்லின் 25-வது பயணம் மே 19, ஜெர்மனியின் கீல் நகரத்துக்கு, வேறு குழுவோடு. அந்தக் குழுவின் பெயரைக் கேட்டால் யாருக்கும் தெரியாது.

போர் முடிந்ததும் பழைய இரும்புக்குப் போக இருந்த விமானத்தை மெம்பிஸ் நகரம் 350 டாலருக்கு வாங்கியது. இப்போது ஒஹையோவின் டேட்டன் அருங்காட்சியகத்தில் நிற்கிறது, 2018 மே 17 முதல்.

ஹாட் ஸ்டஃப் கதையைத் தனி வீடியோவாகப் போடட்டுமா? கமென்டில் சொல்லுங்கள்.