தீர்ப்பு வந்திட்டு, காசு எங்க?

எல்லாருக்கும் வணக்கம். வாழைச்சேனை, கல்லடி, அங்கால களுவாஞ்சிக்குடி எண்டு இந்த வெயிலுக்க பஸ் ஏறி வந்திரிக்கீங்க, கன நேரம் இருத்தி வைக்க மாட்டன். நான் படிப்பிச்சு ரிட்டயர் ஆன ஆள், சட்டத்தரணி இல்ல.

நம்மளோட ஒரு ரீச்சர் இருந்தவ. எரியஸ், அதாவது நிலுவைக் காசு, குடுக்கச் சொல்லி கோர்ட் கட்டளை கிடைச்சு, அந்தக் கட்டளைட பிரதிய பொலித்தீன் பையில சுத்தி வச்சிக்கிட்டு ஒவ்வொரு பத்தாந் திகதியும் பேங்குக்கு வந்து பாஸ்புக் போட்டுப் பார்ப்பா. ஒபிஸ்ல கேட்டா மேல இருந்து கடிதம் வரல்ல எண்டுதான் பதில். போன மாரிக்கு அவ போயிட்டா, பை மட்டும் மகள்ட அலுமாரியில இரிக்கு.

இந்தியாவில 1982 டிசம்பர் 17ல உச்ச நீதிமன்றம் நக்காரா எண்ட ஓய்வூதியர் போட்ட வழக்கில சொன்னது, பென்சன் இரக்கப்பட்டுத் தாற காசில்ல, உரிமை எண்டு. இலங்கையில நம்மட பென்சன் விதிகளான ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பு தொடங்கக்குள்ளேயே, அரச ஊழியருக்கு முழு உரிமை இல்ல எண்டு எழுதி வச்சிரிக்கு, அத வாசிச்சா எனக்கு இண்டைக்கும் நெஞ்சு எரியும். நக்காரா அமர்வுக்குத் தலைவர் வை.வி.சந்திரசூட். நாப்பது வருசம் கழிச்சு அவர்ட மகன் டி.வை.சந்திரசூட் இருந்த அமர்வு, 2022 மார்ச் 16ல, இந்தியாவின்ட பழைய படைவீரர்ட பென்சன் எரியஸ மூணு மாசத்துல குடுங்க எண்டு சொல்லிச்சு. குடுத்தாங்களா? தவணை கேட்டாங்க, திரும்பவும் கேட்டாங்க, பிறகு 2023 ஜனவரியில பாதுகாப்பு அமைச்சு தன்ட பாட்டுக்கு நாலு தவணையாத்தான் தருவம் எண்டு கடிதம் போட்டிட்டு. சட்டத்தக் கையில எடுக்க ஏலாது எண்டு கோர்ட் கண்டிச்சு, அரசாங்கம் மூடின கவர்ல குடுத்த விளக்கத்தையும் வாங்க மறுத்து, மார்ச் 20ல திகதி போட்டு ஒழுங்கு சொன்னது: குடும்பப் பென்சன் எடுக்கிற விதவைமாருக்கு ஏப்ரல் 30க்குள்ள, 70 வயசு தாண்டின ஆக்களுக்கு ஜூன் 30க்குள்ள, மத்தாக்களுக்கு 2024 பெப்ரவரி வரைக்கும் மூணு தவணை. மொத்தம் இந்தியக் காசு 28,000 கோடி.

இந்த ஒழுங்கத்தான் நான் கேட்கிறன். வயசு போன ஆளுக்கு ஆறு மாசம் எண்டது சின்னக் காலமில்ல, "விரைவில வழங்குக" எண்டு ஒரு கட்டளை வந்தா அதுக்குள்ள ஒபிஸ்காரர் ஒளிஞ்சு கொள்ளலாம், திகதியும் பொறுப்பான ஆள்ட பதவியும் எழுதியிருந்தா ஒளிய ஏலாது. கட்டளைய மதிக்காட்டி கேட்க நம்மட சட்டத்திலயும் வழி இரிக்கு, அரசியலமைப்பு உறுப்புரை 105, பிறகு 2024ல வந்த 8ம் இலக்க நீதிமன்ற அவமதிப்புச் சட்டம். மனு எழுதக்குள்ளேயே திகதி கேளுங்க, சட்டத்தரணிக்கும் அதையே சொல்லுங்க.

வாசல் மேசையில கொப்பி வச்சிரிக்கம். எரியஸ் வராத ஆக்கள் பேரும் பிறந்த வருசமும் எழுதிட்டுப் போங்க, இண்டைக்கு இங்க வர ஏலாத ஆக்கள்ட பேர நீங்களே எழுதுங்க. வயசு கூடினவங்கட பேர்தான் முதல்ல போகும்.