கடையில மேட்ச் ஆன பிளவுஸ், வெயில்ல ஏன் மாறுது?

வணக்கம்ங்க. மேஜை மேல ரெண்டு துணி இருக்கு. ஒண்ணு அரக்கு கலர் பட்டுப்புடவை முந்தி, இன்னொண்ணு பாலியஸ்டர் பிளவுஸ் பிட். இந்த எல்இடி வெளிச்சத்துல என் கண்ணுக்கு ரெண்டும் ஒரே நிறம். இப்ப லைட்டை அணைச்சு ஜன்னலைத் திறக்கிறேன். பாருங்க, பிட்டு செங்கல் பக்கம் போயிடுச்சு!

கடைக்காரர் ஏமாத்தலை, சாயமும் போகலை. நிறம் பார்க்க நம்ம விழித்திரையில இருக்கறது மூணே வகை கூம்பு செல்கள். ஒண்ணு ஒளியோட அலைநீளம் 420 நானோமீட்டர் பக்கம் இருக்கறப்ப அதிகமா தூண்டப்படும், மத்த ரெண்டும் 534, 564 பக்கம். எத்தனை அலைநீளம் கலந்து வந்தாலும் அது இந்த மூணு அளவாத்தான் சுருங்குது. வேற வேற கலவை ரெண்டு, அதே மூணு அளவைக் கொடுத்துட்டா, கண்ணால பிரிக்கவே முடியாது. இதுதான் மெட்டமெரிசம்.

பாலியஸ்டருக்குப் போடறது டிஸ்பர்ஸ் சாயம், பட்டுக்கு ஆசிட் சாயம் மாதிரி வேற வகை. ஒளியைத் திருப்பி அனுப்புற விதமே வேற. அதனால ஒரு விளக்குல பொருந்தினது இன்னொண்ணுல பொருந்தணும்னு இல்ல. சாதாரண வெள்ளை எல்இடியில 450 நானோமீட்டர் பக்கம் ஒளி விடற நீல சிப், மேல அந்த நீலத்துல கொஞ்சத்தை மஞ்சளா மாத்தற பாஸ்பர் பூச்சு. 650க்கு மேல ஆழ்ந்த சிவப்பு ரொம்பக் கம்மி, அதனால சிவப்புல இருக்கற வித்தியாசம் அதுல மறைஞ்சிடலாம். அரக்கு, மெரூன், கத்திரிப்பூ கலர் எடுக்கறவங்க கவனமா இருங்க.

மேட்சிங் சென்டர்ல பிட்டை முந்தி மேலயே ஒட்டி வைங்க, நடுவுல இடைவெளி வேண்டாம். நூல் ஓடற திசையும் ஒண்ணா இருக்கணும், இல்லேன்னா பட்டோட பளபளப்பே நிறத்தை மாத்திக் காட்டும். அப்புறம் வாசலுக்கு வந்து, நேர் வெயில்ல இல்லாம நிழல்ல, கண் பழக ரெண்டு நிமிஷம் விட்டுப் பாருங்க. ராத்திரி ஃபங்ஷன்னா மண்டப லைட் மாதிரி மஞ்சள் பல்பு அடியிலயும் ஒரு தடவை. போட்டோவை நம்பாதீங்க. கேமரா சென்சார் நம்ம கூம்பு செல் மாதிரி ஒளியைப் பிரிக்காது, வெளிச்சத்துக்கு ஏத்த மாதிரி கேமராவே நிறத்தைத் திருத்தற ஆட்டோ ஒயிட் பேலன்ஸ் வேற குறுக்க வரும். இந்த வீடியோலயே எல்இடி அடியில உங்களுக்கு வித்தியாசம் தெரிஞ்சிருக்கலாம்.

வீட்டுக்கு பல்பு வாங்கறப்ப, நிறத்தை எவ்வளவு சரியா காட்டும்னு சொல்ற சிஆர்ஐ மதிப்பு 90க்கு மேல இருக்கான்னு பாருங்க. ஆர்9 மதிப்பும் போட்டிருந்தா அதை விடாதீங்க, சிவப்பைச் சொல்றது அதுதான்.

வெள்ளை வேட்டி கதை வேற. அதுல வெண்மைக்காக சேர்க்கற பிரைட்னர், கண்ணுக்குத் தெரியாத புற ஊதா ஒளியை வாங்கி நீலமா விடும். சாதாரண எல்இடியில புற ஊதா இல்லாததால, கடையில மங்கலா தெரியற வேட்டி வெளியில பளிச்சுனு இருக்கும்.