24 கைமாற்றுகள்

அவையில் வீற்றிருக்கும் பெரியோர்களுக்கும், பயிற்சியாளர்களுக்கும், முன்வரிசையில் சீருடையோடு அமர்ந்திருக்கும் மாணவ வீரர்களுக்கும் என் வணக்கம்.

இன்று நான் பேச எடுத்துக்கொண்டிருப்பது ஓர் எண்ணைப் பற்றி. அந்த எண் 24. அமெரிக்காவின் தொழில்முறைக் கூடைப்பந்துப் போட்டியான என்பிஏவில், பருவத்தின் முடிவில் கோப்பைக்காக நடக்கும் பிளேஆஃப் ஆட்டம் ஒன்றில் ஒரே வீரர் செய்த அசிஸ்டுகளின், அதாவது சக வீரர் கூடை போட நேரடியாக வழிவகுத்த பாஸ்களின், உச்ச எண்ணிக்கை அதுதான். 1984 மே 15 அன்று லாஸ் ஏஞ்சலிஸ் லேக்கர்ஸ் அணியின் மேஜிக் ஜான்சன் அந்த எண்ணை முதன்முதலாக எட்டினார். 1988 மே 17 அன்று யூட்டா ஜாஸ் அணியின் ஜான் ஸ்டாக்டன் அதைச் சமன் செய்தார். அதன் பிறகு 2025 ஆம் ஆண்டுப் பிளேஆஃப் வரை அதை ஒருவரும் தாண்டவில்லை, தொடவும் இல்லை. எத்தனையோ சாதனைகள் உடைந்து நொறுங்கிய இந்தக் காலத்தில் இது மட்டும் ஏன் அசையாமல் நிற்கிறது என்பதே என் கேள்வி.

முதலில் சொல்லைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். அசிஸ்ட் என்பதற்குத் தமிழில் நிலைத்த சொல் இன்னும் அமையவில்லை. ‘உதவி’ என்று எழுதினால் ஏதோ தானம் செய்ததைப் போலத் தொனிக்கிறது. என் மனத்துக்கு உகந்த சொல் ‘கைமாற்று’. பத்திரம் எழுதாமல், வட்டி பேசாமல், நாலு நாளில் திரும்பிவிடும் என்ற நம்பிக்கையில் தெரிந்தவருக்குக் கொடுக்கும் பணத்தை நாம் கைமாற்று என்கிறோம். பந்தைக் கைமாற்றுவதும் ஏறக்குறைய அதே கொடுக்கல் வாங்கல்தான். கொடுத்தவர் கணக்கில் வரவு ஏறுவது, வாங்கியவர் பந்தைக் கூடைக்குள் சேர்த்த பிறகே. வாங்கியவரின் குறி தவறினால், அரங்கமே எழுந்து நின்று வியக்கும்படி கொடுத்த பாஸ்கூட வாராக் கடனாகிவிடும். ஏட்டில் அதற்கு ஒரு வரிகூட இருக்காது.

ஆகவே, அசிஸ்ட் என்பது ஒரு வீரர் தம் கையால் மட்டும் சம்பாதிக்கக்கூடிய எண் அன்று. புள்ளிகளைத் தனியாகக் குவிக்கலாம், ரீபவுண்டை, அதாவது குறி தவறித் திரும்பும் பந்தை, முண்டியடித்துப் பறிக்கலாம், ஆனால் அசிஸ்டுக்கு எப்போதும் இன்னொரு மனிதரின் கை வேண்டும். அதோடு மூன்றாவதாக ஒருவரின் கண்ணும் வேண்டும்: ஆடுகளத்தின் ஓரத்தில் உட்கார்ந்து கணக்கெழுதுபவரின் கண். ஒரு பாஸ் நேரடியாகக் கூடைக்கு வழிவகுத்ததா, அல்லது வாங்கியவர் தம் சொந்தத் திறமையால் இரண்டு மூன்று தடுப்பாளர்களைக் கடந்துபோய்ப் போட்டாரா என்பதை அவர்தான் அந்த நொடியில் தீர்மானிக்கிறார். இதில் நம் மாணவர்கள் அறிந்துகொள்ள வேண்டிய ஒரு வேறுபாடும் உண்டு. நாம் பின்பற்றும், சர்வதேசக் கூடைப்பந்துக் கூட்டமைப்பான ஃபிபாவின் கணக்கு முறையில், பாஸ் வாங்கியவர் கூடையை நோக்கி எறியும்போது ஃபவுல் செய்யப்பட்டு, அதற்காகத் தடுப்பாரின்றி எறியக் கிடைக்கும் ஃப்ரீ த்ரோவில் ஒன்றையாவது போட்டுவிட்டால் கொடுத்தவருக்கு அசிஸ்ட் உண்டு. என்பிஏவில் அது கிடையாது. அங்கே பந்து களத்திலிருந்தே கூடைக்குள் விழுந்தாக வேண்டும்.

பழைய காலத்துக் கணக்கர்கள் இந்த விஷயத்தில் மிகுந்த கண்டிப்பானவர்கள். 1950களில் பந்தை வாங்கியவர் ஒரு முறை தரையில் தட்டினாலே அசிஸ்டை மறுத்தவர்கள் உண்டு. அந்தக் காலத்தில் பாஸ்டன் செல்டிக்ஸின் பாப் கூசி, 1957இலும் 1959இலும் இறுதித் தொடர் ஆட்டங்களில் 19 அசிஸ்டுகள் எடுத்தார் என்பதை, இன்றைய 19ஓடு ஒரே தராசில் வைக்க எனக்கு மனம் ஒப்பவில்லை. 1970 மே 8 அன்று நியூயார்க் நிக்ஸின் வால்ட் ஃப்ரேசியர், லேக்கர்ஸுக்கு எதிரான இறுதித் தொடரின் ஏழாவது ஆட்டத்தில், கோப்பை யாருக்கு என்று முடிவாகும் அந்த இரவில், 36 புள்ளிகளும் 19 அசிஸ்டுகளும் எடுத்தார். ஆனால், அந்த இரவைப் பற்றிக் கேட்டால் பெரும்பாலோர் சொல்வது, காயப்பட்ட காலோடு நொண்டிக்கொண்டே களத்துக்கு வந்து முதல் இரண்டு கூடைகளைப் போட்ட வில்லிஸ் ரீடைப் பற்றித்தான். ரீட் எடுத்தவை மொத்தம் நான்கே புள்ளிகள். கைமாற்றுக் கொடுப்பவர்களின் தலைவிதி அப்படித்தான் போலும்.

இப்போது 1984க்கு வருவோம். அந்தப் பருவம் தொடங்குவதற்குச் சற்று முன், 1983 அக்டோபரில், லேக்கர்ஸ் நிர்வாகம் நார்ம் நிக்சனை சான் டியேகோ கிளிப்பர்ஸுக்குக் கொடுத்துவிட்டு பைரன் ஸ்காட் என்ற புதுமுக வீரரைப் பெற்றுக்கொண்டது. நிக்சன் இருந்தவரை பந்தைக் கொண்டுசெல்லும் பொறுப்பை அவரும் ஜான்சனும் பங்கிட்டுக்கொண்டிருந்தார்கள். நிக்சன் போனதும் கடிவாளம் முழுவதும் ஒருவர் கைக்கு வந்தது. அந்தப் பருவத்தில் ஜான்சன் ஆட்டத்துக்குச் சராசரியாக 13.1 அசிஸ்டுகள் எடுத்தார். அவர் உயரம் ஆறடி ஒன்பது அங்குலம். பந்தைக் கொண்டுசென்று ஆட்டத்தை நடத்தும் பாயின்ட் கார்டு இடத்தில் ஆடுபவர்களைவிட ஏறத்தாழ அரை அடி உயர்ந்தவர் என்பதால், தம்மைத் தடுப்பவரின் தலைக்கு மேலாக முழுக்களத்தையும் பார்க்க முடிந்தவர்.

ஃபீனிக்ஸ் சன்ஸுக்கு எதிரான மேற்குப் பிரிவு இறுதித் தொடரின் இரண்டாவது ஆட்டம் அது. அதற்கு முந்தைய ஆண்டில் சான் அன்டோனியோ ஸ்பர்ஸின் ஜானி மூர் ஒரு பிளேஆஃப் ஆட்டத்தில் 20 அசிஸ்டுகள் எடுத்திருந்தார். ஜான்சன் அதை நான்கால் தாண்டினார். லேக்கர்ஸ் 118-102 என்று வென்றது. ஒரு கூடைக்கு இரண்டு புள்ளிகள் என்றே வைத்துக்கொண்டாலும், அணியின் 118 புள்ளிகளில் குறைந்தது 48 அவருடைய பாஸிலிருந்து விளைந்தவை. அந்த அணியின் முறை ஓட்டம். எதிரணியின் குறி தவறியதும் ரீபவுண்ட் எடுத்தவர் பந்தை ஜான்சனிடம் சேர்ப்பார். அவர் நடுக்களத்தில் ஓடுவார். ஒரு பக்கத்தில் ஜேம்ஸ் வொர்தியும் மறுபக்கத்தில் பைரன் ஸ்காட்டோ மைக்கேல் கூப்பரோ பறப்பார்கள். பின்வாங்கி ஓடும் தடுப்பாளர்கள் யாரை நோக்கித் திரும்புகிறார்களோ, பந்து அவருக்குப் போகாது. அந்த ஓட்டம் நின்றுவிட்டாலும் கவலையில்லை. கூடைக்கு அருகில் கரீம் அப்துல் ஜப்பார் கையை உயர்த்திக்கொண்டு காத்திருப்பார். கடன் வாங்கியவர்கள் எல்லாரும் நாணயமானவர்கள். கொடுத்தவருக்கு நட்டமே வராத ஏற்பாடு அது.

ஆயினும், அதே ஜான்சன் சில வாரங்களிலேயே எப்படிப்பட்ட வசைக்கு ஆளானார் என்பதையும் சொல்லியாக வேண்டும். பாஸ்டனுக்கு எதிரான இறுதித் தொடரின் மூன்றாவது ஆட்டத்தில், ஜூன் 3 அன்று, அவர் 21 அசிஸ்டுகள் எடுத்தார். இறுதித் தொடர்களில் அது இன்றும் சாதனை. அந்த ஏழு ஆட்டங்களில் அவர் எடுத்த 95 அசிஸ்டுகளும் அப்படியே. ஆனால், இரண்டாவது ஆட்டம் சமநிலையில் இருந்தபோது கடைசி நொடிகளை எறியாமலேயே கடத்திவிட்டார். நான்காவது ஆட்டத்தின் முடிவில் அவர் வொர்திக்குக் கொடுத்த பாஸை ராபர்ட் பாரிஷ் பறித்துக்கொண்டார். கூடுதல் நேரத்தில் இரண்டு ஃப்ரீ த்ரோக்களும் தவறின. லேக்கர்ஸ் 4-3 என்று தொடரை இழந்ததும், ‘மேஜிக்’ என்ற பெயரைத் திரித்து ‘டிராஜிக் ஜான்சன்’ என்று கேலி செய்தார்கள். 95 கைமாற்றுகள் திரும்பி வந்தது பேச்சில் இல்லை, திருட்டுப்போன ஒன்றுதான் பேச்சானது. அவர் அதற்குப் பிறகும் கொடுப்பதை நிறுத்தவில்லை. 190 பிளேஆஃப் ஆட்டங்களில் 2,346 அசிஸ்டுகளோடு ஓய்வுபெற்றார். 280க்கும் மேற்பட்ட பிளேஆஃப் ஆட்டங்கள் ஆடிய லெப்ரான் ஜேம்ஸ்கூட 2025 வரை அந்த எண்ணை எட்டவில்லை.

ஸ்டாக்டனின் ஆட்டத்தைக் கடைசியாகப் பேச வைத்திருக்கிறேன். அதற்கு முன், சாதனை ஏன் உடையவில்லை என்ற கேள்வியைப் பார்த்துவிடலாம். வழக்கமான பருவ ஆட்டங்களில் 24 என்பது உச்சமே அன்று. ஆர்லாண்டோ மேஜிக்கின் ஸ்காட் ஸ்கைல்ஸ் 1990 டிசம்பர் 30 அன்று 30 அசிஸ்டுகள் எடுத்தார். அன்றைய ஆட்டம் 155-116. எதிரணியான டென்வர் நக்கெட்ஸ், அந்தப் பருவம் முழுவதும் தடுப்பைப் பற்றிக் கவலையில்லாமல் வேகம் ஒன்றையே நம்பி, ஆட்டத்துக்குச் சராசரியாக 130 புள்ளிகளுக்கு மேல் வாரிக்கொடுத்த அணி. அப்படிப்பட்ட அணிகள் பிளேஆஃப் வாசலையே மிதிப்பதில்லை. பிளேஆஃபில் ஒரே அணியோடு நான்கு முதல் ஏழு ஆட்டங்கள் தொடர்ந்து மோத வேண்டும். இரண்டாவது ஆட்டத்துக்குள் உங்கள் ஒவ்வொரு வழக்கமான பாஸும் எதிரணிப் பயிற்சியாளருக்கு மனப்பாடமாகியிருக்கும்.

இரண்டாவது காரணம், 1990களின் பிற்பகுதியில் ஆட்டமே மந்தமானது. இதற்கு நான் காட்டும் சான்று சற்றே கொடூரமானது. 1998 ஜூன் 7 அன்று இறுதித் தொடரின் மூன்றாவது ஆட்டத்தில் சிகாகோ புல்ஸ் 96-54 என்று வென்றது. 54 புள்ளிகளில் முடங்கிய அணி எது? ஸ்டாக்டனும் கார்ல் மலோனும் ஆடிய அதே யூட்டா ஜாஸ். ஓர் அணி முழுவதும் சேர்ந்து 54 புள்ளிகள்தாம் எடுக்கும் என்றால், 24 அசிஸ்டுகளை எந்தக் கூடையிலிருந்து எடுப்பது?

பின்னர் வேகம் திரும்பியது. ஆனால், இப்போது பந்தைக் கொண்டுவருபவரே தாமே எறிந்து புள்ளி எடுக்கவும் வேண்டும் என்று எதிர்பார்க்கிறார்கள். ஒரே அணியில் இரண்டு மூன்று பேர் அந்தப் பொறுப்பைப் பகிர்ந்துகொள்கிறார்கள். அதற்கு மாறாக, எறிவதில் அவ்வளவு நாட்டம் இல்லாத ரஜோன் ராண்டோ, பழைய எண்ணுக்கு அருகில் போன மிகச் சிலரில் ஒருவர். 2011 ஏப்ரல் 22 அன்று நியூயார்க்கில் நிக்ஸுக்கு எதிராக 15 புள்ளிகள், 11 ரீபவுண்டுகள், 20 அசிஸ்டுகள். அன்று பாஸ்டன் அணியில் பால் பியர்ஸ் 38, ரே ஆலன் 32 என்று எடுத்திருந்ததைப் பாருங்கள். வாங்கியவர்களின் செழிப்பே கொடுத்தவரின் கணக்கு. 2018இல், வேறு அணியில், நியூ ஆர்லியன்ஸ் பெலிக்கன்ஸுக்காக கோல்டன் ஸ்டேட் வாரியர்ஸுக்கு எதிராக 21 எடுத்தார். பெருமளவில் வாங்கிக்கொண்டவர் ஆந்தனி டேவிஸ்.

இன்றைய காலம் எண்ணிக்கையைவிடச் சிக்கனத்தை மதிக்கிறது என்று எனக்குப் படுகிறது. 2025 மே 27 அன்று இண்டியானா பேசர்ஸின் டைரீஸ் ஹாலிபர்ட்டன் 32 புள்ளிகள், 12 ரீபவுண்டுகள், 15 அசிஸ்டுகள் எடுத்தார். ஒரு டர்ன்ஓவர்கூட இல்லை. அதாவது, பந்தை எதிரணிக்கு ஒரு முறையும் பறிகொடுக்கவில்லை. 15 என்பது 24 ஆகாது. ஆனால், 1984இல் நான்காவது ஆட்டத்தின் அந்த ஒரு பாஸை எண்ணிப் பார்ப்பவருக்கு இந்தப் பூஜ்யத்தின் விலை தெரியும்.

இனி ஸ்டாக்டன். ஜான்சன் 24 எடுத்து ஐந்து வாரங்கள் கழித்து, 1984 ஜூன் 19 அன்று நடந்த வீரர் தேர்வில், கொன்சாகா பல்கலைக்கழகத்திலிருந்து பதினாறாவது ஆளாக யூட்டா அவரை எடுத்தது. ஆறடி ஓர் அங்குலம். கூட்டத்தில் நின்றால் கூடைப்பந்து வீரர் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். அடுத்த ஆண்டு பதின்மூன்றாவது ஆளாக மலோன் வந்தார். 1987-88 பருவத்தில் ஸ்டாக்டன் 1,128 அசிஸ்டுகள் எடுத்து, ஐசையா தாமஸின் பருவச் சாதனையை முறியடித்திருந்தார். அந்த அணியின் முறை ஓட்டம் அன்று, திரை. மலோன் ஓடிவந்து, ஸ்டாக்டனைத் தடுப்பவரின் பாதையில் சுவர்போல நிற்பார். ஸ்டாக்டன் அவருடைய தோளை உரசிக்கொண்டு கடப்பார். இரண்டு தடுப்பாளர்களும் பந்தின் பக்கம் சாய்ந்தால் மலோன் திரும்பிக் கூடையை நோக்கி உருளுவார். பந்து தரையில் ஒரு முறை பட்டு எழும்பி அவர் கைக்குப் போகும். சாயாவிட்டால் ஸ்டாக்டனுக்குப் பாதை திறக்கும். அடுத்து என்ன நடக்கும் என்பது அரங்கில் எல்லாருக்கும் தெரியும். தெரிந்தும் தடுக்க முடியாது.

1988 மே மாதத்தின் அந்த இரண்டு மாலைகளை நினைத்தால் எனக்கு இன்றும் வியப்புத்தான். மே 16 அன்று அட்லாண்டா ஹாக்ஸின் டாக் ரிவர்ஸ், பாஸ்டனுக்கு எதிராக 22 அசிஸ்டுகள் எடுத்து அணியை வெல்லவைத்தார். மறுநாள் லாஸ் ஏஞ்சலிஸில் மேற்குப் பிரிவு அரையிறுதித் தொடரின் ஐந்தாவது ஆட்டம். தொடர் 2-2 என்று இருந்தது. ஸ்டாக்டன் ஒவ்வொன்றாகக் கைமாற்றிக்கொண்டே போய் 24ஐ எட்டியபோது, அந்த எண்ணுக்கு அதுவரை தனிச் சொந்தக்காரராக இருந்த ஜான்சன் எதிரணிச் சீருடையில் அதே களத்தில் நின்றுகொண்டிருந்தார். ஜான்சனின் 24 வெற்றியில் முடிந்தது. ஓடும் அணியில், ஜாம்பவான்கள் சூழ்ந்திருக்க எடுத்தது. ஸ்டாக்டனின் 24 நடப்புச் சாம்பியனின் சொந்த அரங்கில், நடந்து ஆடும் அணியில், பெரும்பாலும் ஒரே பெரிய கையை நம்பி எடுத்தது. இரண்டில் எது அரிது என்று கேட்டால், நான் தயங்காமல் பின்னதைச் சொல்வேன்.

அந்தத் தொடரின் ஏழு ஆட்டங்களில் ஸ்டாக்டன் எடுத்தவை 115 அசிஸ்டுகள், ஆட்டத்துக்கு 16க்கு மேல். எந்த ஏழு ஆட்டத் தொடருக்கும் அதுவே சாதனை. தொடரை வென்றதோ 4-3 என்று லேக்கர்ஸ். ஐந்தாவது ஆட்டமும் அவர்களுக்கே போனது. ஆட்டம் முடியச் சில நொடிகள் இருந்தபோது மைக்கேல் கூப்பர் தொலைவிலிருந்து எறிந்த பந்து கூடைக்குள் விழுந்தது: 111-109.