அவையும் பெண்கள்தானே

வணக்கம் நேயர்களே. பெண்ணுரிமை எண்டு வாய் திறந்தா உடனே ஒருத்தர் சொல்லுவார், இதெல்லாம் வெள்ளைக்காரன்ர இறக்குமதி, எங்கட பண்பாட்டில இல்லாத விசயம் எண்டு. இந்தக் கதைக்கு ஆதாரத்தோட பதில் சொன்ன வரலாற்றாசிரியர் எங்கட இலங்கையின்ர குமாரி ஜயவர்தன. மூன்றாம் உலக நாடுகளில பெண்ணியமும் தேசியவாதமும் எப்படிச் சேர்ந்து வளர்ந்தது எண்டு 1986ல ஒரு புத்தகம் போட்டவ. எகிப்து, துருக்கி, ஈரான், சீனா, இந்தியா, இலங்கை எண்டு ஒவ்வொரு நாடா எடுத்து, அங்க பெண்கள் படிப்புக் கேட்டு, வாக்குக் கேட்டு, பத்திரிகை நடத்தி, சுதந்திரப் போராட்டத்திலயும் இறங்கினதைக் காட்டியிருக்கிறா. ஆனா சும்மா புகழ்ந்து தள்ளேல்ல, அதுதான் எனக்குப் பிடிச்சது. சீர்திருத்தம் கதைச்ச ஆம்பிளையள் கனபேருக்குத் தேவைப்பட்டது படிச்ச, நாகரிகமான மனைவி, வீட்டுக்குள்ள தங்கட அதிகாரத்தில கைவைக்க விருப்பமில்லை எண்டதையும் நேராச் சொல்லுறா.

இலங்கைக் கதையைப் பாருங்கோ. 1927 கடைசியில கொழும்பில பெண்கள் வாக்குரிமைச் சங்கம் தொடங்குது, பெரும்பாலும் வசதியான, படிச்ச வீட்டுப் பெண்கள்தான், கனடாவில இருந்து டாக்டரா வந்து தமிழர் ஒருத்தரைக் கலியாணம் கட்டின மேரி இரத்தினமும் அந்த வட்டத்தில இருந்தவ. இலங்கையின்ர அரசியலமைப்பை மாத்திறதைப் பற்றி விசாரிக்க பிரித்தானியா அனுப்பின டொனமூர் ஆணைக்குழுவுக்கு முன்னால, சங்கத்துப் பெண்கள் தங்கட தலைவியள்ல ஒருத்தியான அக்னஸ் டி சில்வாவோட போய் வாக்குக் கேட்கினம். அப்ப ஆணைக்குழுக்காரர் ஒருத்தர் கேட்கிறார், தோட்டத்தில வேலை செய்யிற இந்தியத் தமிழ்ப் பெண்களுக்குமா வேணும்? ஓம், அவையும் பெண்கள்தானே எண்டு பதில் போகுது. ஆணைக்குழு பெண்களுக்கு 30 வயசுக்கு மேல எண்டுதான் சிபாரிசு செய்தது, கடைசியில ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரேமாதிரி 21 வயசில கிடைச்சு 1931ல வாக்குப் போட்டாச்சு. பிரான்சில பெண்களுக்கு வாக்குரிமை வந்தது 1944லதான், யோசிச்சுப் பாருங்கோ!

ஆனா அந்தத் தோட்டத்துப் பெண்களுக்கு? 1931லயே, இங்க நிலையாக் குடியிருக்கிறதைக் காட்டவேணும் எண்ட வதிவிட நிபந்தனை எண்டு இழுத்தடிப்பு, பிறகு 1948 குடியுரிமைச் சட்டம் வந்து தோட்டத் தமிழர் பெரும்பாலானோருக்குக் குடியுரிமை இல்லாமப் போச்சு, அடுத்த வருசம் வாக்கும் போச்சு. குமாரி ஜயவர்தன இதை விடேல்ல. ரேச்சல் குரியனோட சேர்ந்து தோட்டங்களைப் பற்றி இன்னொரு பெரிய புத்தகம் எழுதினவ, 2015ல வந்தது. வர்க்கம், இனம், ஆணாதிக்கம் மூண்டும் ஒண்டுக்கு மேல ஒண்டா அந்தப் பெண்களை எப்படி அமத்தினது எண்டுதான் அதின்ர மையம். கொழுந்து பறிக்கிறது பெரும்பாலும் பெண்கள், மேற்பார்க்கிற கங்காணி ஆம்பிளை, அவளின்ர சம்பளத்தைக் கனவேளை கையில வாங்கினது புருசன். தேயிலைத் தோட்டத்தில ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே நாட்கூலி எண்டு வந்ததே 1984லதான்.