628 நாட் அவுட் அடித்த பையன்

[திரையில்: பழைய ஸ்கோர் புத்தகத்தின் ஒரு பக்கம். எண்கள் மெல்ல எழும்புகின்றன.]

ஒரு ஆறு. நான்கு ஐந்துகள். 31 நான்குகள். 33 மூன்றுகள். 146 இரண்டுகள். 87 ஒற்றை ரன்கள். கூட்டிப் பாருங்கள், சரியாக 628 வரும். அடித்தவனுக்கு வயது 13.

பெயர் ஆர்தர் காலின்ஸ். பிறந்தது நம் ஹசாரிபாக்கில் (இன்றைய ஜார்கண்ட்), 1885இல். அப்பா அங்கே ஆங்கிலேய அரசின் நீதிபதி. பிரிஸ்டல் நகரின் கிளிஃப்டன் கல்லூரிப் பள்ளியில் சேரும்போது பையனுக்கு அப்பாவும் இல்லை, அம்மாவும் இல்லை.

[திரையில்: மைதானத்தின் வரைபடம். ஒரு பக்கக் கோடு மட்டும் சிவப்பில்.]

1899 ஜூன் 22. பள்ளி விடுதிகளுக்குள் நடக்கும் ஜூனியர் மேட்ச். டாஸ் ஜெயித்த காலின்ஸ் முதலில் ஆட வந்தான். அந்த 146 இரண்டுகள் எப்படி வந்தன என்று கேட்கத் தோன்றும். மைதானம் அப்படி. ஒரு பக்கம் எல்லை மிகக் கிட்டத்தில் இருந்ததால், அங்கே பந்து போனால் இரண்டே ரன். மற்ற பக்கங்களில் எவ்வளவு தூரம் அடித்தாலும் ஓடித்தான் எடுக்க வேண்டும்.

பள்ளி நேரம் போக மிச்சமிருந்த மாலைகளில்தான் ஆட்டம். முதல் நாள் முடிவில் 200. மறுநாள் 485ஐத் தாண்டினான். அது ஆண்ட்ரூ ஸ்டோடார்ட் 1886இல் அடித்த, அதுவரை உலகிலேயே பெரிய ஸ்கோர். செய்தி பரவி, சின்னப் பையன்களின் மேட்சைப் பார்க்கக் கூட்டம் சேர்ந்தது. நடுவில் சில கேட்ச்களையும் எதிரணி கோட்டை விட்டது. பாவம், அவர்களுக்கும் அதே வயதுதானே!

நான்காவது நாள், கடைசி விக்கெட் விழுந்தபோது காலின்ஸ் 628 நாட் அவுட். அணியின் மொத்தம் 836. கடைசி ஜோடி மட்டும் சேர்த்தது 183, அதில் கூட நின்ற பையனின் பங்கு 13. அப்புறம் காலின்ஸ் பந்தையும் கையில் எடுத்து 11 விக்கெட் சாய்த்தான். எதிரணி இரண்டு இன்னிங்ஸில் 87, 61. இன்னிங்ஸ் மற்றும் 688 ரன் வித்தியாசத்தில் வெற்றி.

628 துல்லியமான கணக்கா? இருபது முன்னே பின்னே இருக்கலாம் என்று ஸ்கோர் எழுதியவரே சொன்னதாக ஒரு பேச்சு உண்டு.

[திரையில்: ராணுவச் சீருடையில் இளைஞர்.]

இனி 'அவர்' என்று சொல்லலாம். 1904இல் ராயல் இன்ஜினியர்ஸ் படைப்பிரிவில் அதிகாரியானார். பாலம் கட்டுவது, பதுங்குகுழி தோண்டுவது அந்தப் பிரிவின் வேலை. பெரிய அணிகள் ஆடும் முதல்தர கிரிக்கெட் ஒரு மேட்ச்கூட ஆடவில்லை. 1913இல் லண்டனின் லார்ட்ஸ் மைதானத்தில் ராணுவ மேட்ச் ஒன்றில் 58, 36 அடித்தார், அவ்வளவுதான். 1914 வசந்தத்தில் கல்யாணம். அந்த ஆகஸ்டில் முதல் உலகப் போர் வெடித்தது.

[திரையில்: பெல்ஜியம் வரைபடம். ஈப்ரஸ் அருகே ஒரு புள்ளி.]

1914 நவம்பர் 11. முதல் ஈப்ரஸ் போர். ஜெர்மானியர்கள் பெரும் தாக்குதலில் இறங்கிய நாள். காலாட்படையில் ஆள் போதாமல், மண் தோண்ட வந்தவர்களும் துப்பாக்கியோடு இறங்கினார்கள். தன் பதுங்குகுழியின் பக்கவாட்டைக் காக்க இன்னும் ஆட்கள் வேண்டும் என்று சைகை காட்டிக்கொண்டிருந்தபோது கேப்டன் காலின்ஸ் மீது குண்டு பாய்ந்தது. இழுத்துவந்து கிடத்தினார்கள். சுமார் ஒரு மணி நேரம் உயிர் இருந்தது. வயது 29.

பிறகு உடல் கிடைக்கவில்லை. கல்லறை இல்லாத 54,000க்கும் அதிகமானோரின் பெயர்களோடு அவர் பெயரும் ஈப்ரஸின் மெனின் கேட் நினைவுச்சின்னச் சுவரில் இருக்கிறது.

[திரையில்: கல்யாண், 2016.]

116 வருடம் நின்ற அந்தச் சாதனையை 2016 ஜனவரியில் உடைத்தவர் பிரணவ் தனவாடே. மும்பை பக்கம் கல்யாணில், பள்ளி மேட்ச் ஒன்றில் 1,009 நாட் அவுட். அந்த மைதானத்திலும் ஒரு பக்கம் எல்லை ரொம்பக் கிட்டத்தில்தான் இருந்தது.